கழுதையோடு நடந்த இசையமைப்பாளர்

மொன்றியல் தீவின் மேற்கு அந்தத்திலே, நாற்பதாம் இலக்க நெடுஞ்சாலையின் இருமருங்கும் பரந்து கிடக்கும் அமைதியான புறநகர் கர்க்லாண்ட். பார்க் எக்ஸ்ரென்சனிலும் கோட்-டே-நெய்ஜிலும் ஒற்றை அறைகளில் வாழ்வைத் தொடங்கிய எம்மவரிற் சிலர் இருபது முப்பது ஆண்டு உழைப்பின் பின் இங்கு வீடு வாங்கிக் குடியேறியுள்ளனர். அண்டையிலுள்ள டொலார்ட்-தே-ஓர்மோவின் முருகன் கோவிலுக்குப் போய்வர வசதி என்பது அவர்கள் சொல்லும் காரணங்களில் ஒன்று. அத்தகைய ஒரு வீட்டின் நிலவறைக்குக் கடந்த மாரியில் நாம் அழைக்கப்பட்டோம். அழைத்தவர் அவ்வீட்டுத் தாயார்.

“சேர், நீங்கள் பல்கலைக்கழகத்திலை படிப்பிச்ச ஆள். இவனுக்கு ஒருக்காச் சொல்லுங்கோ. படத்துக்கு மியூசிக் போடப் போறானாம். அதுவும் ஓடுற படத்துக்கு இல்லை. ஆரும் பாக்காத படத்துக்கு.”

கணக்கியல் படிப்பை இரண்டாம் ஆண்டில் இடைநிறுத்திவிட்டு, சக மாணவர்கள் எடுக்கும் குறும்படங்களுக்குப் பின்னணி இசை அமைப்பதே தன் தொழில் என்று மகன் அறிவித்துவிட்டார். தந்தையார் பண்டகசாலை ஒன்றில் இரவு வேலை செய்பவர். பகலில் உறங்கும் அவருடைய தலைக்கு நேர் கீழே மகனின் விசைப்பலகை. நாம் விரிவுரையாளர் பதவியை இழந்து பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டன. ஆயினும் ஊர் கொடுத்த பட்டங்கள் புலம்பெயர்ந்தும் விடுவதில்லை. புத்திமதி சொல்லும் எண்ணத்துடனேயே படியிறங்கினோம்.

இளைஞர் தாம் இசையமைத்த பதினெட்டு நிமிடப் படமொன்றைப் போட்டுக் காட்டினார். ஊரிலுள்ள தன் தாயுடன் தொலைபேசியில் மட்டுமே பேசி வாழும் ஒரு டாக்சிச் சாரதியின் கதை. படம் நன்று. இசையும் நன்று, ஆனால் அது ஒரு கணமும் ஓயவில்லை. தாய் பேசும்போதும் வயலின், சாரதி மௌனமாகும்போதும் வயலின், பனி பெய்யும்போது மேலும் இரண்டு வயலின். ஊதியம் எவ்வளவு என்று கேட்டோம். “முந்நூறு டொலர், அங்கிள். அதோடை பீற்சா.” வயலின் வாசித்த கியூபெக் தோழிக்கு அதில் நூறு.

தாயார் கேட்ட கேள்வியை நாமும் கேட்டோம்: இப்படியான படங்களுக்கு இசையமைத்து எவராவது வாழ்ந்திருக்கிறாரா? கேட்ட மாத்திரத்திலேயே விடை எம் நாவில் வந்து நின்றது. வாழ்ந்திருக்கிறார். அவர் பெயர் எம். பி. சீனிவாசன்.

இளைஞர் அப்பெயரைக் கேள்விப்பட்டதில்லை. எம் வாசகர்களிலும் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். இளையராஜாவின் பாடல்களைப் படத்தின் பெயரோடும் ஆண்டோடும் சொல்லக்கூடிய சமூகம் நாம். அதே சென்னையில், அதே ஒலிப்பதிவுக் கூடங்களில், முற்றிலும் வேறொரு பாதையில் நடந்த இம்மனிதரை நாம் அறியாமற் போனதற்குக் காரணங்கள் உண்டு.

சீனிவாசன் 1925 செப்டெம்பர் 19ஆம் நாள் சித்தூரிற் பிறந்தவர். சென்னையிற் கற்ற காலத்தில் இடதுசாரி மாணவர் இயக்கத்தால் ஈர்க்கப்பட்டார். அவர் மணம் முடித்த சாகிதா, பஞ்சாபின் விடுதலை வீரர் சைபுதீன் கிச்லுவின் மகள். அமிர்தசரசில் 1919இல் கிச்லுவும் சத்தியபாலும் கைதானதை எதிர்த்து எழுந்த கிளர்ச்சியே ஜாலியன்வாலாபாக் படுகொலைக்கு முன்னோடியாயிற்று என்பது வரலாறு. தென்னாட்டுப் பிராமணக் குடும்பத்து இளைஞரும் காஷ்மீர வழிவந்த முஸ்லிம் குடும்பத்துப் பெண்ணும் அக்காலத்தில் மணந்துகொள்வதற்கு எவ்வளவு துணிவு வேண்டியிருந்திருக்கும் என்பதை எம் ஊர்க் கல்யாணப் பேச்சுக்களை அறிந்த எவருக்கும் விளக்க வேண்டியதில்லை.

அவருடைய முதற் பெரும் முயற்சி 1960இல் வெளிவந்த ‘பாதை தெரியுது பார்’. முதலாளி ஒருவரின் பணத்தில் எடுக்கப்பட்டதன்று அது. இடதுசாரி நண்பர்கள் கூடிக் குமரி பிலிம்ஸ் என்ற பெயரில் எடுத்த படம். இயக்குநர் நிமாய் கோஷ். இப்பெயரை எம்மவர் மனத்திலிருத்த வேண்டும். இந்தியப் பிரிவினையின்போது கிழக்கு வங்கத்திலிருந்து வேரோடு பெயர்க்கப்பட்ட மக்களைப் பற்றி 1950இல் ‘சின்னமூல்’ என்ற வங்காளிப் படத்தை எடுத்தவர் அவர். வேரறுந்தோர் என்பது அப்பெயரின் பொருள். கல்கத்தாவின் சியால்டா ரயில் நிலையத்தில் அகதிகள் குவிந்து கிடந்த காட்சிகளை உள்ளவாறே படம்பிடித்தவர். அந்தப் படத்தை எடுத்த மனிதர் பின்னர் சென்னைக்கு வந்து தமிழிற் படம் இயக்கினார் என்பதும், அதற்கு இசையமைத்தவர் சீனிவாசன் என்பதும் எமக்கு அந்நியமான செய்திகளாகா. ஜெயகாந்தன் எழுதி பி. பி. ஸ்ரீனிவாசும் எஸ். ஜானகியும் பாடிய தென்னங்கீற்றுப் பாட்டு அப்படத்தில் வருவதே. இலங்கை வானொலியிற் கேட்டு, இசையமைத்தவர் எவரென்று அறியாமலே அதை முணுமுணுத்த தலைமுறை இன்னும் எம்மிடையே உண்டு.

படம் வணிக வெற்றி பெறவில்லை. அதன்பின் தமிழில் அவருக்குக் கிடைத்த படங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஏன்? இதற்கான விடை அவருடைய இசையைவிட அவருடைய தொழிற்சங்கத்தில் இருக்கிறது என்பதே எம் கருத்து.

அக்காலத்தில் சென்னைப் பட உலகின் வாத்தியக்காரர் நிலை எவ்வாறிருந்தது என்பதைச் சற்று விளக்குதல் தகும். ஒரு பாடலின் பின்னால் இருபது முப்பது பேர் இருந்து வாசிப்பார்கள். ஒருவர் பிழைவிட்டால் எல்லோரும் தொடக்கத்திலிருந்து மீண்டும் வாசிக்க வேண்டும். பிற்காலத்தைப்போல் வெட்டி ஒட்டும் வசதி இல்லை. பெயர் திரையில் வராது. இசையமைப்பாளரின் பெயர் சுவரொட்டியில் இருக்கும். வயலின்காரர் பஸ்ஸில் வீடு போவார். இந்த மனிதர்களைத் திரட்டிச் சென்னையில் திரை இசைக் கலைஞர் சங்கத்தை அமைப்பதில் முன்னின்றவர் சீனிவாசன். பின்னர் நிமாய் கோஷ் முதலியோருடன் சேர்ந்து தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனத்தின் உருவாக்கத்திலும் பங்கு கொண்டார். பணம் போடுகிறவரிடம் காலையில் மெட்டுக் கேட்டு மாலையில் கூலி கேட்டுக் கொடி பிடிக்கும் ஒருவரை அடுத்த படத்துக்கு யார் அழைப்பார்? அழைத்தவர்களில் ஒருவர் கே. விஜயன். ‘பாதை தெரியுது பார்’ படத்தின் கதாநாயகராக நடித்த அவர், தாம் இயக்குநரானபின் 1976இல் ‘மதன மாளிகை’க்குச் சீனிவாசனிடமே வந்தார்.

தமிழகம் மூடிய கதவைக் கேரளம் திறந்தது. 1961 நவம்பர் 14ஆம் நாள் சென்னை பரணி ஸ்ரூடியோவில் ‘கால்பாடுகள்’ என்ற மலையாளப் படத்துக்காக, சாதி மத பேதமற்ற உலகைப் பாடும் ஸ்ரீ நாராயண குருவின் செய்யுளொன்றை இருபத்தொரு வயது இளைஞர் ஒருவரைக்கொண்டு பாடுவித்துப் பதிவு செய்தார் சீனிவாசன். அந்த இளைஞர் கே. ஜே. ஜேசுதாஸ். அவரது திரைக்குரல் முதன்முதலாகப் பதிவான நாள் அதுவே. கேரளத்தில் இச்செய்தியை அறியாதார் இல்லை. தமிழர் மத்தியில் சொன்னால் வியப்போடு கேட்கின்றனர்.

அங்கு அவருக்குப் பாட்டுப் படங்களும் கிடைத்தன. கவிஞர் ஓ. என். வி. குறுப்புடன் இணைந்து கே. ஜி. ஜோர்ஜின் ‘உள்கடல்’ (1979), ‘யவனிகா’ (1982) ஆகியவற்றுக்கு அவர் அமைத்த பாடல்கள் இன்றும் பாடப்படுகின்றன. எனினும் எம் மனம் நாடுவது பாட்டே இல்லாத படங்களில் அவர் செய்த வேலையை. 1972இல் அடூர் கோபாலகிருஷ்ணன் தம் முதற் கதைப்படமான ‘சுயம்வர’த்தை எடுத்தார். சித்திரலேகா என்ற கூட்டுறவுச் சங்கத்தின் படம் அது. அரசாங்கத் திரைப்பட நிதிக் கூட்டுத்தாபனத்திடம் பெற்ற ஒன்றரை இலட்சம் ரூபாய்க் கடனோடு ஆரம்பித்த முயற்சி. பாடலே இல்லாத படம். இந்தியாவில் அது எத்தகைய துணிவு! தேசிய விருதுகளில் சிறந்த படம், சிறந்த இயக்குநர், சிறந்த நடிகை, சிறந்த ஒளிப்பதிவு ஆகிய நான்கும் அதற்குக் கிடைத்தன. அதற்கு இசை சீனிவாசன். அதன்பின் ‘எலிப்பத்தாயம்’ (1981), ‘முகாமுகம்’ (1984), ‘அனந்தரம்’ (1987) என அடூரின் படங்கள் பலவற்றுக்கும் அவரே.

பாடலற்ற படத்துக்கு இசையமைப்பாளர் என்ன செய்வார் என்று கேட்போர் ‘எலிப்பத்தாயம்’ பார்த்தல் வேண்டும். இடிந்துகொண்டிருக்கும் ஒரு நாயர் தறவாடு. எழுந்து கதவைத் திறப்பதற்கும் சகோதரியை எதிர்பார்க்கும் ஒரு மூத்த ஆண். அவனால் தேய்ந்து போகும் மூன்று பெண்கள். எலிப்பொறியில் அகப்பட்ட எலியை இளைய தங்கை குளத்துக்குக் கொண்டுபோய் அமிழ்த்துகிறாள். அந்த வீட்டின் கதவும், காலடியும், பொறியும் எழுப்பும் ஓசைகளே படத்தின் பெரும்பகுதி இசை. அவ்வொலிகளைப் பதிவு செய்த தேவதாசுக்குத் தேசிய விருது கிடைத்தது. இவற்றுக்கு நடுவே சீனிவாசனின் இசை எப்போதாவது வந்து, தன் வேலையை முடித்துக்கொண்டு, விலகிவிடும். தன்னால் வாசிக்க முடிந்ததையெல்லாம் வாசிக்காமல் விடுவதற்கு ஓர் இசைக்காரருக்கு எவ்வளவு கட்டுப்பாடு வேண்டும்! 1982இல் இப்படத்துக்குப் பிரித்தானியத் திரைப்படக் கழகம் சதர்லன்ட் விருதை வழங்கியது. இசைக்கென்று தனியாக எவரும் எதையும் கொடுக்கவில்லை. கவனத்தில் விழாமலிருப்பதே அந்த இசையின் சிறப்பாயிற்றே.

இனி எம் நெஞ்சுக்கு மிக நெருங்கிய படத்துக்கு வருவோம். 1977இல் ஜோன் ஆபிரகாம் தமிழில் எடுத்த ‘அக்ரகாரத்தில் கழுதை’. திரைக்கதை விமர்சகர் வெங்கட் சாமிநாதனுடையது. நாராயணசாமி என்ற கல்லூரிப் பேராசிரியர் தாயை இழந்த கழுதைக்குட்டி ஒன்றை வளர்க்கிறார். மாணவர் சிரிக்கின்றனர், நிர்வாகம் முகஞ்சுளிக்கிறது. குட்டியைத் தம் கிராமத்து அக்கிரகாரத்துக்குக் கொண்டுபோய் உமா என்ற ஊமைப் பெண்ணிடம் ஒப்படைக்கிறார். ஊரார் தம் குற்றங்களையெல்லாம் கழுதையின் தலையில் ஏற்றி அதைக் கொன்றுவிடுகின்றனர். கொன்றபின் அதற்கு அற்புத சக்தி இருப்பதாகக் கண்டு கும்பிடத் தொடங்குகின்றனர். முடிவில் ஊர் தீப்பற்றி எரிகிறது.

அப்பேராசிரியராக நடித்தவர் வேறு யாருமல்லர், இசையமைத்த சீனிவாசனேதான். நடிகருக்குரிய தோரணை எதுவுமின்றி, சற்றுத் தளர்ந்த உடலோடு, கழுதையைக் கையிற் பிடித்தபடி அவர் தெருவில் நடக்கும் காட்சிகளில், தம் உலகில் இடமற்றுப்போன படித்த மனிதர் ஒருவரின் முழுச் சரித்திரமும் இருக்கிறது. நாம் இதை முதலிற் பார்த்தது, விரிவுரை மண்டபமொன்றில், தேய்ந்த ஒளித்தட்டிலிருந்து சுவரில் வீழ்த்திய மங்கலான படமாக. கூட இருந்து பார்த்த மாணவர்களிற் சிலர் இன்று உயிருடன் இல்லை. ஏனையோர் ஐந்து நாடுகளிற் சிதறியுள்ளனர். அன்று கழுதைக்காகச் சிரித்தோம். பின்னர் ஓர் அகதி விசாரணைக்காகக் காத்திருந்த மாதங்களில், நாம் இன்னார், இன்ன தொழில் செய்தோம் என்பதைப் புதிது புதிதான அதிகாரிகளுக்கு விளக்கியபோதெல்லாம், அந்தப் பேராசிரியரின் நடையே நினைவில் வந்தது.

தமிழின் சிறந்த படமென்று அதற்குத் தேசிய விருது கிடைத்தது. ஆயினும் தமிழகத் திரையரங்குகள் அதை ஏற்கவில்லை; பின்னாளில் தூரதர்சன் ஒளிபரப்புவதாக அறிவித்து, எதிர்ப்புக் கண்டு கைவிட்டது. அதே 1977இல் எம் யாழ்ப்பாணத்து மண்ணில் தர்மசேன பத்திராஜ ‘பொன்மணி’யை எடுத்தார் என்பதையும் இங்கு குறித்து வைப்போம். ஒரே ஆண்டில் தமிழ் பேசிய இரு துணிகரப் படங்கள். ஒன்றை இயக்கியவர் மலையாளி, மற்றதை இயக்கியவர் சிங்களவர். தமிழராகிய நாம் அவ்வாண்டில் என்ன பார்த்துக்கொண்டிருந்தோம் என்பதை வாசகர்களின் மனச்சாட்சிக்கு விட்டுவிடுகிறோம்.

அந்த 1977 இன்னொரு வகையிலும் நினைவுகூரத்தக்கது. படப் பாடலுக்கும் பின்னணி இசைக்கும் உரியவர் யார் என்ற வழக்கில், இசையமைப்பாளரைப் பணம் கொடுத்து அமர்த்திய தயாரிப்பாளரே உரிமையாளர் என்று இந்திய உச்ச நீதிமன்றம் அவ்வாண்டு மார்ச்சில் தீர்ப்பளித்தது. அமர்விலிருந்த நீதியரசர் வி. ஆர். கிருஷ்ண ஐயர் தீர்ப்போடு உடன்பட்டபோதிலும், பாடும் கலைஞர்களுக்குச் சட்டம் எதையும் தரவில்லையே என்று தனியாக ஒரு குறிப்பை எழுதி வைத்தார். சட்டம் மாற 2012 வரை செல்ல வேண்டியிருந்தது. அவ்வாண்டின் திருத்தத்தின்படி, படத்தின் இசை பிற வழிகளிற் பயன்படும்போது கிடைக்கும் வருவாயில் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் உள்ள பங்கை எழுதிக் கொடுத்தாலும் இழக்க முடியாது. சீனிவாசன் அதைக் காண இருக்கவில்லை.

படங்களுக்கு வெளியேயும் அவருக்கு ஒரு பெரும் பணி இருந்தது. எழுபதுகளின் தொடக்கத்தில் சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை அவர் நிறுவினார். எம் இசை தனிக்குரலின் இசை. ஒருவர் பாடுவார், மற்றோர் கேட்பர், அல்லது எல்லோரும் ஒரே சுருதியிற் கூடிப் பாடுவர். பல குரல்கள் ஒரே வேளையில் வெவ்வேறு சுரங்களிற் சென்று ஒன்றையொன்று தாங்கும் முறையை, இராகத்தின் முகத்தைச் சிதைக்காமல் தமிழுக்குக் கொண்டுவர அவர் முயன்றார். பாரதியின் பாடல்கள் அதற்கு ஏற்ற தீனியாயின. சங்கீதமே படித்திராத அலுவலக ஊழியர்களும் மாணவர்களும் அவரிடம் பாடக் கற்றனர். வாத்தியக்காரர் சங்கம் கட்டிய அதே மனிதரின் அதே எண்ணத்தை இதிலும் நாம் காண்கிறோம். 1988 மார்ச் 9ஆம் நாள் இலட்சத்தீவில் அவர் காலமானார். அங்குள்ள சிறுவர்களுக்குச் சேர்ந்து பாடப் பயிற்றுவிக்கவே சென்றிருந்தார். வயது அறுபத்திரண்டு. ஜோன் ஆபிரகாம் அதற்கு முந்திய ஆண்டு மே மாதம் கோழிக்கோட்டில் கட்டடமொன்றிலிருந்து வீழ்ந்து மாண்டிருந்தார்.

இவை யாவற்றையும் கர்க்லாண்ட் நிலவறையில் நாம் சொல்லிக்கொண்டிருந்தபோது இளைஞர் குறுக்கிடவில்லை. இடையே விமானமொன்று டோர்வல் நிலையத்தை நோக்கித் தாழ்ந்து செல்ல, பழக்கத்தினால் ஒலிவாங்கியை மட்டும் அணைத்தார். இந்நகருக்கும் இதில் ஒரு பழைய உறவு இருப்பதை அவருக்கு நினைவூட்டினோம். கர்க்லாண்டிலிருந்து கிழக்கே காரில் அரைமணித் தூரத்தில், செயின்ற் லோரன்ற் பகுதியில் இருந்த தேசியத் திரைப்படச் சபையில் நோர்மன் மக்லாரனும் குளோட் ஜுற்ராவும் 1957இல் எடுத்த குறும்படம் ஒன்று உண்டு. தன் மேல் எவரையும் உட்கார விடாத ஒரு நாற்காலியின் கதை. பத்து நிமிடம், பேச்சே இல்லை. அதற்கு இசை பண்டிட் ரவிசங்கரின் சித்தார், சதுர் லாலின் தபேலா. அடம் பிடிக்கும் நாற்காலிக்கு வாசித்தவர்கள் அவர்கள். முந்நூறு டொலர்ப் படத்துக்கு வாசிப்பதில் என்ன இழுக்கு?

புத்திமதி சொல்லப் போன நாம் சொல்லாமலே வந்துவிட்டோம் என்பதை ஒப்புக்கொள்கிறோம். இரண்டு மட்டும் கூறினோம். முதலாவது, கனடாவின் இசை உரிமைச் சங்கமான சோக்கனில் பெயரைப் பதிந்து, ஒவ்வொரு படத்தின் இசை விபரத்தையும் ஒழுங்காக அனுப்பி வைத்தல். எப்போதாவது ஒரு தொலைக்காட்சி அப்படத்தைப் போட்டால் காசோலை வரும், சென்னையில் ஒரு தலைமுறை அதற்காக ஏங்கியது. இரண்டாவது, ‘எலிப்பத்தாய’த்தைப் பார்த்தல்.

மூன்று கிழமை கழித்துத் தாயார் தொலைபேசியில் அழைத்தார்.

“சேர், நீங்கள் வந்திட்டுப் போனாப் பிறகு அவன் மூண்டு நாள் இருந்து போட்ட மியூசிக்கிலை பாதியை அழிச்சுப் போட்டான். உங்களை நான் கூப்பிட்டது வேலையை விடச் சொல்ல. செய்த வேலையை அழிக்கச் சொல்ல இல்லை.”

மறுமொழி சொல்லத் தெரியாமல், படம் இப்போது எப்படி இருக்கிறது என்று கேட்டோம். சற்று நேரம் மறுமுனையிற் பேச்சில்லை.

“அந்தத் தாய் ரெலிபோனிலை கதைக்கிறது இப்ப வடிவாக் கேக்குது,” என்றார். பின்னர், “இவர் எழும்பிட்டார், தேத்தண்ணி போடவேணும்,” என்று சொல்லி வைத்துவிட்டார்.